ரத்து ஆகாத சான்றிதழ்

லேமினேஷன்காரர் கையில் சிக்கிய எந்தக் காகிதமும் அதன் பிறகு காகிதமாக இருந்ததில்லை. பள்ளிச் சான்றிதழ், வீட்டுப் பத்திரம், நாய்க்கு ஊசி போட்ட சீட்டு, மனைவி எழுதி வைத்த மளிகைப் பட்டியல் என்று பேதம் பார்க்காமல் எல்லாவற்றையும் கெட்டி பிளாஸ்டிக்குக்குள் அடக்கம் செய்துவிடுவார். "நெருப்புல போட்டாத்தான் போகும்" என்று கடைக்கு வருகிறவர்களுக்கு உத்தரவாதம் வேறு. யாரும் போட்டுப் பார்த்ததில்லை.

அப்பேர்ப்பட்டவர் அன்று காலை, வெளிநாட்டில் பிறந்த குடிமக்களின் பதிவு அலுவலகத்தில், ஐந்தாம் கவுண்டருக்கு முன்னால் மகளோடு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றார். மகளுக்கு வெளிநாட்டு ஆய்வுக்கூடம் ஒன்றில் வேலை கிடைத்திருந்தது. மாதக் கடைசிக்குள் போய்ச் சேராவிட்டால் அந்த இடம் அடுத்த ஆளுக்குப் போய்விடும். போக வேண்டுமென்றால் பாஸ்போர்ட் வேண்டும். பாஸ்போர்ட் வேண்டுமென்றால், அவள் அயல்நாட்டில் பிறந்தபோது அங்கிருந்த தூதரகம் கொடுத்த பிறப்புப் பதிவின் அசல் வேண்டும். அசல் இருந்தது. இருபத்தேழு வருஷமாக ஒரு மூலைகூட மடங்காமல் பளபளவென்று இருந்தது. பின்னே, யார் வீட்டில்?

கவுண்டரில் இருந்த கண்ணாடிக்காரம்மா அதை வாங்கி, கீழ் ஓரத்தில் கட்டை விரலால் தடவினார். மறுபடியும் தடவினார். பிறகு இன்னொரு கையின் கட்டை விரலுக்கும் ஒரு வாய்ப்புக் கொடுத்தார்.

"சீல் எங்க?"

"அதோ வட்டமா இருக்கே மேடம்" என்றார் லேமினேஷன்காரர்.

"கண்ணுக்கு இருக்கு. கைக்கு இல்லையே. இது மை இல்லாம அழுத்திப் பதிக்கிற சீல் சார். விரலுக்குத் தட்டுப்படணும். யாரோ சூட்டுல போட்டு நசுக்கியிருக்காங்க. லேமினேட் பண்ணின பதிவு செல்லாது."

செல்லாது! முப்பதாயிரம் காகிதங்களுக்கு ஆயுசு கொடுத்தவரின் முகத்துக்கு நேராக அந்த அம்மாள் அப்படிச் சொன்னார். பிளாஸ்டிக்கை உரித்துத் தருகிறேன் என்று சொல்ல வாய் வரை வந்தது. உரித்தால் காகிதமும் சேர்ந்து கிழிந்துவரும் என்பதை வாடிக்கையாளர்களிடம் பெருமையாகச் சொல்லுகிறவரே அவர்தான்.

வழி ஒன்று இருந்தது. பதிவு எப்படிச் சேதமானது என்று நோட்டரி முன்னால் சத்தியம் செய்து எழுதிக் கொண்டுவர வேண்டும். பழையதை ஒப்படைத்தால் அவர்கள் அதை ரத்து செய்துவிட்டுப் புதியது தருவார்கள்.

வீட்டில் மனைவி காத்திருந்தார். "அன்னிக்கே சொன்னேன், புது மெஷினை வெத்துத் தாள்ல ஓட்டிப் பாருங்கன்னு. கேட்டீங்களா?"

கேட்கவில்லைதான். அயல்நாட்டு வேலையை விட்டுத் திரும்பி வந்து கடை போட்ட அன்று, மெஷினில் முதலில் நுழைந்தது மகளின் பிறப்புப் பதிவு. அதற்குக் காரணம் திமிர் இல்லை, பயம். லேமினேஷன்காரருக்குப் பிறப்புப் பதிவே கிடையாது. பள்ளியில் சேர்க்கப் போனபோது தலைமை ஆசிரியர் அவருடைய உயரத்தைப் பார்த்து ஒரு தேதியைப் போட்டார். அன்றிலிருந்து எந்த அலுவலகத்துக்குப் போனாலும், இவன் நிஜமாகவே பிறந்தானா என்கிற மாதிரி ஒரு பார்வை. தன் பிள்ளையை எவனும் அப்படிப் பார்த்துவிடக் கூடாது என்றுதான் அந்த ஒற்றைத் தாளைச் சாகாத தாளாக ஆக்கினார். இப்போது அதே பார்வையை மகளுக்கு வாங்கிக் கொடுத்தவரும் அவரேதான். இதை நினைத்தால் சோறு இறங்கவில்லை. ஆனால் இறங்கவில்லை என்று ஒப்புக்கொள்கிற சாதி இல்லையே அவர்.

"தண்ணி கொட்டிடுச்சுன்னு எழுதேன்மா" என்றார் மகளிடம். "இல்ல, எலின்னு எழுது."

"எலிக்கு லேமினேஷன் மெஷின் ஓட்டத் தெரியுமாப்பா?"

நோட்டரி, அவர்களுடைய தெருவிலேயே இருந்தார். அவருடைய சட்டப் பட்டம் முதுகுக்குப் பின்னால் சுவரில் மின்னியது. மின்ன வைத்தவர் யார் என்று சொல்ல வேண்டியதில்லை. "காரணம்?" என்று கேட்டுவிட்டு, தட்டெழுத விரலைத் தூக்கினார்.

மகள் அப்பாவை ஒரு தடவை பார்த்தாள். "ஒரு கடைக்காரரோட அறியாமையாலன்னு போடுங்க சார்."

நோட்டரி லேமினேஷன்காரரைப் பார்த்து இருமினார். பிறகு ஏதோ உறைத்தவராகச் சட்டென்று சுவர்ப் பக்கம் திரும்பினார். "என்னோடதுலயும் ஒரு சீல் இருந்துச்சேய்யா..."

"அது அச்சு சீல் சார். ஒண்ணும் ஆகாது."

அறியாமை என்றதைக்கூட அவர் பொறுத்துக்கொண்டார். ஒரு கடைக்காரர் என்றதுதான் நெஞ்சில் தைத்தது. மானத்தைக் காப்பாற்றத்தான் மகள் அப்படிச் சொன்னாள் என்பது தெரியாதவரில்லை. தெரிந்தும் வலித்தது.

மாதம் முடியப் பன்னிரண்டு நாள் இருக்கையில், காகிதங்களோடு மறுபடி ஐந்தாம் கவுண்டர். எல்லாம் சரியாக இருந்தது. கண்ணாடிக்காரம்மா 'ரத்து' முத்திரையை எடுத்துப் பழைய பதிவின் நெற்றியில் ஓங்கி ஒரு குத்துக் குத்தினார். சிவப்பு மை சொட்டுச் சொட்டாகத் திரண்டு வழிந்தது. துடைத்தால் சுத்தமாக வந்துவிட்டது. இன்னொரு குத்து, இன்னொரு துடைப்பு. சரி, ஓட்டை போடலாம் என்று பஞ்சிங் மெஷினை எடுத்தார். அது பிளாஸ்டிக்கைக் கவ்வியதோடு சரி, விடவும் இல்லை, துளைக்கவும் இல்லை. நாலாம் கவுண்டர் ஆள் எழுந்து வந்து இழுத்தார். ஆறாம் கவுண்டர் ஆள் பெரிய பஞ்சிங் மெஷின் ஒன்றைத் தேடிக் கொண்டுவந்தார். அதன் பல் உடைந்தது.

லேமினேஷன்காரர் அடக்கித்தான் பார்த்தார். முடியவில்லை. "அது ரெண்டு தடவை ஓட்டினது மேடம்" என்று வாயிலிருந்து விழுந்துவிட்டது.

கண்ணாடி மூக்கு நுனிக்கு இறங்கியது. "உங்களுக்கு எப்படித் தெரியும்? யாரு அந்தக் கடைக்காரர்? தெரிஞ்சவர்னா உறவையும் சேர்த்து எழுதணும்."

"ஏதோ ஒரு கடை மேடம்" என்றாள் மகள் அவசரமாக. "எப்பவோ மூடிட்டாங்க."

"மூடல" என்றார் அவர்.

"அப்பா, சும்மா இருங்க. இதையும் திருப்பி அனுப்பிட்டா என் வேலை போச்சு."

"கடைக்காரன்னா எழுதியிருக்க? எழுதிட்டுப் போ. ஆனா யாரோ இல்ல. மேடம், நான்தான். கெட்டுப்போகக் கூடாதுன்னு நெனச்சு நான்தான் கெடுத்தேன். அப்பான்னு எழுதிக்கங்க."

கண்ணாடிக்காரம்மா நோட்டரி தாளைத் தூக்கிப் பிடித்து நிதானமாகப் படித்தார்.

"கடைக்காரர்னுதானே இருக்கு? அப்பாவும் கடைக்காரர்தானே? இதுல பொய் என்ன இருக்கு?" ஓரத்தில் 'தந்தை' என்று எழுதி, மகளைப் பக்கத்தில் கையெழுத்துப் போடச் சொன்னார். "ஆனா இது ரத்தாகாம புதுசு வராது. செஞ்ச புண்ணியவான் நீங்க, நீங்களே வழி சொல்லுங்க."

லேமினேஷன்காரர் சட்டைப்பையிலிருந்து தன் கத்தரிக்கோலை எடுத்தார். ஓரம் நறுக்குவதற்காக எப்போதும் கூடவே இருப்பது. பழைய பதிவை அந்த அம்மாளிடமிருந்து வாங்கி, நசுங்கிப்போன சீல் மேல் கத்தரியை வைத்தார். கண்ணில் தண்ணீர் கட்டிக்கொண்டது. நாலும் ஆறும் தங்கள் இடத்துக்குப் போய் உட்கார்ந்துகொண்டார்கள். கண்ணாடிக்காரம்மா இல்லாத பேனாவைத் தேடி மேஜைக்கடியில் குனிந்தார். நறுக்கென்று ஒரே வெட்டு.

அரை மணி நேரத்தில் புதியது வந்தது. அதைத் தரும்போது அந்த அம்மாள் மகளிடம் கொடுத்துவிட்டு, அப்பாவைப் பார்த்து, "மெஷின் பக்கமே கொண்டுபோகக் கூடாது" என்றார்.

பஸ் நிறுத்தத்தில் மகளிடமிருந்து அதைக் கேட்டு வாங்கினார். கட்டை விரலைச் சட்டையில் துடைத்துக்கொண்டு, சீலை மெல்லத் தடவினார். தட்டுப்பட்டது. வட்டம், உள்ளே இன்னொரு வட்டம், சுற்றிலும் எழுத்து. பழையதில் இதை ஒரு நாள்கூடத் தொட்டுப் பார்க்காமலே மெஷினுக்குக் கொடுத்துவிட்டார். மறுபடி தடவினார்.

"போதும்ப்பா. தேய்ச்சே அழிச்சிடப் போறீங்க" என்று மகள் கையை நீட்டினாள்.

"பஸ் வரட்டும்மா" என்றார்.

பஸ் வந்தது. மகள் அவரைப் பார்த்தாள். பிறகு, "இது வேணாம், அடுத்ததுல போலாம்" என்றாள்.