ஆளில்லாத ஊர்

எங்கள் ஊர் பிட்டர்வெல்லில் ஒரு ஆள்கூடக் கிடையாதாம். நெவாடா மாநிலத்தின் வரலாறு, மலை, செடி, பிராணி எல்லாவற்றையும் அடக்கிய தடிப் புத்தகம் அப்படித்தான் சொல்கிறது. நானும் என் அக்கா கிரேசியானாவும் அந்த ஊரில்தான் தினமும் எழுந்து காபி போட்டுக் குடிக்கிறோம். தபால் நிலையத்தை மூடிவிட்டால் ஊர் செத்துப்போச்சு என்பது புத்தகக்காரர்கள் கணக்கு. செத்த ஊர்கள் பகுதியில் எங்கள் வீட்டுப் படமும் இருக்கிறது. அதை நம்பிச் சுற்றுலா வருகிறவர்கள் எங்கள் கதவுக் கைப்பிடியைக் கழற்றிக்கொண்டு போவார்கள். போன கோடையில் ஒருத்தன், நான் குளித்துக்கொண்டிருக்கும்போது நடு வீட்டுக்குள் நின்று என் தொப்பியைப் படம் எடுத்தான்.

இதையெல்லாம் பொறுத்துக்கொண்டோம். தண்ணீர் விஷயத்தில் பொறுக்க முடியவில்லை. ஒரு தங்கச் சுரங்கக் கம்பெனி எங்கள் பள்ளத்தாக்கின் நிலத்தடி நீரை உறிஞ்ச அனுமதி கேட்டது. உறிஞ்சினால் எங்கள் ஊற்று வற்றிவிடும். அந்த ஊற்றை நம்பி மனிதர் யாரும் இல்லை என்று மனுவில் எழுதி, சாட்சிக்கு அந்தப் புத்தகத்தையே காட்டியிருந்தார்கள்.

விசாரணை நாளன்று முதலில் நூலகத்துக்குப் போய்ப் புத்தகத்தைக் கேட்டோம்.

"இங்கயே உக்காந்துதான் பாக்கணும். வெளிய குடுக்கிற புத்தகம் இல்ல இது. ஆனா இப்ப அது இடத்துல இல்ல" என்றாள் நூலகப் பெண்.

விசாரணைக் கூடத்துக்குள் நுழைந்தால், கம்பெனி வக்கீலின் கக்கத்தில் அதே புத்தகம். 'வெளியே எடுத்துச் செல்லக் கூடாது' என்ற சிவப்புச் சீட்டு முதுகில் ஒட்டியிருந்தது. எனக்கு உச்சி வரை எரிந்தது.

"கத்தாத பெனாட். கத்தறதுக்கு நான் இருக்கேன்" என்றாள் அக்கா.

வக்கீலுக்குப் பக்கத்தில் அந்தப் புத்தகத்தை எழுதிய டாக்டர் வார்ட்லா உட்கார்ந்திருந்தார். தலை நரைத்திருந்தது, ஆனாலும் பார்த்தவுடன் தெரிந்தது. நாங்கள் இளவயதில் இருந்தபோது ஒரு குளிர்காலத் தொடக்கத்தில் ஜீப் அச்சு முறிந்து எங்கள் வீட்டில் தங்கினவர். ஜீப் சரியாகும் வரை அம்மா வேளை தவறாமல் சிவப்பு மிளகாய் போட்ட ஆட்டுக்கறியும் பீன்ஸும் ஆக்கிப் போட்டாள். சாப்பிட்டுக் கை துடைத்த மனுஷன், ஆளில்லா ஊர் என்று எழுதியிருக்கிறார்!

விசாரணைக் குழுத் தலைவி கெர்ஷா அம்மாள் கேட்டாள்: "டாக்டர், நீங்க போனப்போ அங்க யாராவது இருந்தாங்களா?"

"பதிப்பகத்தோட விதிப்படி, தபால் நிலையம் இல்லாத இடத்தை..."

"விதிய யாரு கேட்டா? மேடம், அவருகிட்ட கறி ருசியா இருந்துச்சான்னு கேளுங்க!" அக்கா எழுந்துவிட்டாள்.

சிரிப்பு எழுந்தது. "ஆதாரம் இருந்தா பேசுங்கம்மா. இது பாடமா வைக்கிற புத்தகம்" என்றான் வக்கீல்.

"உங்க கக்கத்துல இருக்கறதுதான்யா ஆதாரம். எங்க வீட்டுப் படத்தை எடு."

எடுத்தான். அந்தப் படம் எடுத்த காலை எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. கொடியில் துணி தொங்கினால் படம் நன்றாக வராது, எடுத்துவிடுங்கள் என்றார் வார்ட்லா. அம்மா ஈரத் துணியைத் தோளில் அள்ளிப் போட்டுக்கொண்டு ஒதுங்கி நின்றாள். படத்தில் வெறும் கொடி. கீழே 'கைவிடப்பட்ட வீடு' என்று எழுத்து.

"கூரைக்கு மேல பாருங்க மேடம். அது என்ன?"

கெர்ஷா அம்மாள் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு குனிந்தாள். "புகை மாதிரி..."

"மேகமா இருக்கலாம்" என்றான் வக்கீல்.

"துணிய எடுக்கச் சொன்ன புண்ணியவான் அடுப்ப அணைக்கச் சொல்லல. ஏன்னா வெந்துக்கிட்டிருந்தது அவரு சோறு. டாக்டரே, வாயத் தொறந்து சொல்லுங்க. மேகமா?"

வார்ட்லா புத்தகத்தைத் தன் பக்கம் இழுத்துப் படத்தைப் பார்த்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்: "புகைதான். ஆட்டுக்கறி."

வக்கீல் புத்தகத்தைப் படாரென்று மூடினான். ஊற்றை நேரில் வந்து அளக்கும் வரை அனுமதி இல்லை என்று கெர்ஷா அம்மாள் எழுதினாள். அளந்த பிறகு என்ன ஆகுமோ, தெரியாது. எனக்குக் கோபம் அடங்கவே இல்லை.

வாசலில் வார்ட்லா பின்னாலேயே வந்தார். "அடுத்த பதிப்புல திருத்திடறேன்மா. குடியிருப்பவர் ரெண்டு பேர்னு போட்டுடறேன்."

"அன்னைக்கு மூணு பேரு இருந்தோம். மூணுன்னு போடு. மூணாவது ஆள் கையாலதான நீ தின்ன."

அவர் பேனாவை எடுத்தார். தயங்கினார். "அம்மா பேரு... என்ன?"

அத்தனை வேளை உட்கார்ந்து சாப்பிட்ட மனுஷன், ஒரு தடவைகூடக் கேட்டதில்லை. நான் சொல்ல வாயெடுத்தேன். அக்கா என் கையைப் பிடித்து நிறுத்தினாள்.

"ஊத்துப் பக்கத்துல கல்லறைல எழுதியிருக்கு. வந்து படிச்சுக்க. தண்ணி வத்தறதுக்குள்ள வா."