நாடகத்தில் நொண்டியவன்

வீரணனுக்கு மில் சம்பளம் கொடுத்தது நூல் நூற்க அல்ல, பந்து உதைக்க. விளாங்குடிப் பக்கத்து மில் அணிக்கு ஐந்து வருஷமாக அவன்தான் கோல் போடுகிறவன். வேலை மட்டும் இன்னும் தற்காலிகம். திங்கட்கிழமை நிரந்தரப் பட்டியல் வருகிறது. பெயர் வராவிட்டால் வேலையோடு மில் கொடுத்த வீடும் போய்விடும்.

வலது முழங்கால் எட்டு மாதமாகச் சரியில்லை. அவனுக்கும் பெண்சாதி அன்னக்கொடிக்கும் மட்டுமே அது தெரியும். அவள் ஒத்தடம் கொடுத்து எண்ணெய்த்துணி கட்டிவிடுவாள். அவன் பல்லைக் கடித்துக்கொண்டு ஓடுவான்.

இந்த லட்சணத்தில் டிவி ஆசை வேறு. ஏற்கெனவே இரண்டு தடவை விளையாட்டு நிகழ்ச்சியில் பந்து தட்டிக் காட்டியவனை மெட்ராஸுக்குக் கூப்பிட்டு நாடகத்தில் போட்டார்கள். கால் ஒடிந்த ஆட்டக்காரன் வேஷம். பாவிப்பயல் நடிக்கவே இல்லை. எட்டு மாதமாக அடக்கி வைத்த நொண்டலை அவிழ்த்து விட்டுவிட்டான். அப்பாடா என்று இருந்தது. அந்த நொண்டலை மில்லில் எல்லாரும் பார்ப்பார்களே என்பது ஊர் திரும்பும் ரயிலில்தான் உறைத்தது.

"மேனேஜர் முத்திருளண்ணே பாத்த ஒடனே கண்டுபிடிச்சிருவாரு. போன வருசம் கால் போன சுருளிய அப்புடித்தான வீட்டுக்கு அனுப்புனாரு?"

"எல்லாம் நாடகம்னுதான் நெனைப்பாக. சும்மா கெடங்க" என்றாள் அன்னக்கொடி.

கேட்டானா? பட்டியலுக்கு ஆறு நாள் இருக்க, நாடகம் வரும் செவ்வாய்க்கிழமை சாயங்காலம் மில் மன்றத்து டிவி முன்னால் கூட்டம் உட்கார்ந்ததும், ஆன்டெனாவைத் திருப்பிவிட்டால் படம் தெரியாது என்று பின்பக்க இரும்பு ஏணியில் ஏறினான். கைப்பிடிச் சுவரைத் தாண்டும்போது முழங்கால் சடக்கென்று பூட்டிக்கொண்டது. மொட்டைமாடியில் விழுந்தான். ஆன்டெனா பத்தடி தள்ளி நின்றது.

கீழே டிவியில் அவன் குரல் கேட்டது. பிறகு கைதட்டல். "என்னமா நொண்டுறான்யா! நெசம் தோத்துச்சு போ!" அது அணி மேனேஜர் முத்திருளனின் குரல்.

நொண்டல் நிஜம் என்று யாருக்கும் தெரியவில்லை. வீரணன் வாயைப் பொத்திக்கொண்டு அழுதான்.

"எங்கய்யா நம்ம ஹீரோ?"

"மாடிக்கு ஏறுனாப்லண்ணே."

முத்திருளனே ஏறி வந்தார். சுவரைப் பிடித்து எழப் பார்த்து வீரணன் மறுபடி விழுந்தான். அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "போதும் மாப்ள, நாடகம் முடிஞ்சிருச்சு. எந்திரி."

அவன் எழவில்லை. சிரிப்பு நின்றது.

"இப்பத்தாண்ணே, ஏணியில வழுக்கி..."

அவர் குனிந்து வேட்டியை விலக்கினார். முழங்காலில் அன்னக்கொடி கட்டிய துணி, பல மாத எண்ணெய் ஏறிக் கறுத்துக் கிடந்தது. துணியைத் தொட்டு விரலை முகர்ந்தார்.

"பட்டியலுக்கு ஒம் பேரை நான்தான்டா மொதல்ல எழுதிக் குடுத்தேன்" என்றார்.

கீழே இருந்து யாரோ கூப்பிட்டார்கள். வீரணன் அவருடைய இரண்டு காலையும் கட்டிக்கொண்டான்.

"நடிக்கிறேன்னு சொல்லிருங்கண்ணே. கீழ போயி, அவன் இன்னும் நடிக்கிறான்னு சொல்லிருங்க."