மிருகத்துக்குள் மன்சிக்

கொரியப் போர் ஓய்ந்து ஒன்பதாம் வருஷக் கோடை. காங்வோன் மலையடிவாரத்தில் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தது. இரும்பைத் தின்று மலையாய் வளரும் புல்கசாரி என்ற பழங்கதை மிருகத்தின் படம். அந்த மிருகத் தோலுக்குள் இருந்தவர் பியோ மன்சிக், பழைய மல்யுத்தக்காரர். பஞ்சும் ரப்பரும் வைத்த உடைக்கு ஜிப் கிடையாது. தினமும் காலையில் தையல்காரி குவாக் சுன்னே அவரை உள்ளே விட்டு முதுகில் தைத்து மூடுவாள், மாலையில் பிரித்துவிடுவாள்.

“மூச்சை இழுத்துப் பிடிங்க. நேத்து எத்தனை கிண்ணம் பார்லிச் சோறு உள்ள போச்சு?”

“மூணுதான்.”

“பொய்யி. தையலே சொல்லுது. ஒரு ஊசியக் காணோம், அதையும் நீங்கதான் முழுங்கியிருக்கணும்.”

கதையில் மிருகம் முதலில் தின்றது ஊசியைத்தான். மன்சிக் குலுங்கிச் சிரித்தார். அவளிடம் கேட்க நினைத்தது மட்டும் நெஞ்சிலேயே நின்றது. போரில் புருஷனைப் பறிகொடுத்தவளிடம் எந்த வாயால் கேட்பது?

கடைசி நாள், மிருகம் தீயில் மடியும் காட்சி. படச்சுருள் ஒரே டப்பாதான் மிச்சம். சுற்றிலும் வைக்கோலைக் கொளுத்தினார்கள். மன்சிக்குக்குத் தெரிந்தது புகை மட்டும். திடீரென்று வாலில் பற்றிய சூடு காலுக்கு ஏறியது. அலறினார். ரப்பருக்கு வெளியே அது உறுமலாகக் கேட்டது.

“பிரமாதம்! அப்படியே உறுமு!” என்றார் டைரக்டர்.

யாரோ ஓடிவந்தார்கள். முதுகுத் தையலைக் கத்தரி கிழித்தது. சுன்னேயின் கை அவரைக் காலரோடு பிடித்து வெளியே இழுத்தது.

“காட்சியக் கெடுத்துட்டியேம்மா!”

“உள்ள ஒரு ஆளு வேகுறாரு, உங்களுக்குக் காட்சியா பெருசு?”

ஓடைக்குக் கூட்டிப்போய் அவர் காலை நனைத்துவிட்டாள்.

“நெசமாத்தான் கத்துறேன்னு எப்படித் தெரிஞ்சுது?”

“ரெண்டு மாசமா அந்தத் தோலுக்குள்ள நீங்க மூச்சு விடுறதக் கேக்குறேன். எனக்குத் தெரியாதா?”

மன்சிக் அதற்குமேல் யோசிக்கவில்லை, கேட்டேவிட்டார்.

“முதல்ல கால் ஆறட்டும்” என்றாள். மாட்டேன் என்று சொல்லவில்லை.

இலையுதிர் காலத்தில் தலைநகர் சியோலில் படம் வெளியானது. புருஷனும் பெண்டாட்டியுமாகப் போய் உட்கார்ந்தார்கள். திரும்ப எடுக்கச் சுருள் இல்லாததால், கத்தரி தெரிவதற்கு முன்புவரை அந்தக் காட்சியை டைரக்டர் அப்படியே வைத்திருந்தார். கதையில் மிருகத்தைக் குட்டியிலிருந்து சோறூட்டி வளர்த்தவள்தான் ஓடிவருகிறாள் என்று எண்ணி அரங்கமே அழுதது.

மன்சிக் அன்றுதான் அதைப் பார்த்தார். ஒரு ரப்பர் செருப்பு கழன்று விழுந்ததைக்கூட உணராமல், தீயை ஏறிட்டும் பார்க்காமல், தன்னை நோக்கியே ஓடிவரும் அந்த முகம்.

“அழாதீங்க, பக்கத்துல பாக்குறாங்க” என்று கிசுகிசுத்தாள் சுன்னே.