முள் எடுத்தவள்

ஐஸ் பெட்டியின் கண்ணாடியில் படிந்திருந்த ஈரத்தை வனமாமலை உள்ளங்கையால் துடைத்தான். இன்னொரு கையில் இருந்த மகளைக் குனிந்து தாழ்த்திப் பிடித்தான்.

"பாரு பாப்பா. அம்மா மூஞ்சிய நல்லாப் பாத்துக்கோ."

சுகப்பிரியா பார்த்தாள். பிறகு மிச்சமிருந்த ஈரத்தில் விரலால் ஒரு கோடு இழுத்தாள். அது பிடித்துப்போய் இன்னொன்றும் இழுத்தாள்.

"கோடு போடாத. அம்மாவப் பாரு."

காலையிலிருந்து இதையேதான் செய்துகொண்டிருந்தான். கிளியம்மாள் எழுந்து வந்து தம்பியிடமிருந்து பிள்ளையை வாங்கிக்கொண்டாள். தம்பி பெண்டாட்டி செல்வலட்சுமி காய்ச்சலில் படுத்த சேதி கேட்டு நாங்குநேரியிலிருந்து பஸ் ஏறி வந்தவள் அவள். பிள்ளையை நாலு நாள் பார்த்துக்கொண்டால் போதும் என்றுதான் நினைத்திருந்தாள். நேற்று மத்தியானம் ஆஸ்பத்திரியில் எல்லாம் முடிந்துவிட்டது. செல்வலட்சுமிக்கு இருபத்தாறு வயது.

ஊருக்குக் கொண்டுபோக ஆம்புலன்ஸ் மூன்று மணிக்கு வரும். அதுவரை வடக்குப்பட்டின் அந்த ஒற்றை அறை வீட்டில் செய்வதற்கு எதுவும் இல்லை.

வீட்டுக்கார சரோஜா காபி கொண்டுவந்து வைத்தாள். பிள்ளையின் கன்னத்தைத் தடவினாள்.

"ரெண்டர வயசு கொயந்தைக்கு இன்னா தெரியும்? பெருசானா இதெல்லாம் ஒண்ணுமே நெனப்புல இருக்காது. அந்த மட்டும் நல்லது."

நல்ல மனதோடுதான் சொன்னாள். அவள் போன பிறகு வனமாமலை சுவரில் சாய்ந்து உட்கார்ந்தான். நேற்றிலிருந்து அழாதவன் அப்போது அழுதான்.

"யக்கா, இவ மறந்துருவாளாக்கா? அவ ஷிப்ட் முடிச்சு வந்து தூங்கக்கூட மாட்டா, பாப்பாகூட வெளயாடிக்கிட்டே கெடப்பா. அதுல ஒண்ணுகூடவா இவளுக்கு நிக்காது?"

கிளியம்மாள் பிள்ளையின் முதுகைத் தட்டிக்கொண்டிருந்தாள்.

"நம்ம அம்மா செத்தப்ப எனக்கும் மூணு வயசுதான," என்றான் அவன். "எனக்கு ஒண்ணே ஒண்ணு நெனப்பிருக்கு. ஒங்கிட்ட சொன்னதில்ல. கால்ல கருவ முள்ளு. அம்மா என்ன வாய்க்கா கரையில ஒக்கார வச்சு, கால மடியில தூக்கிப்போட்டு, பல்லால கடிச்சு எடுத்தா. குனிஞ்சப்ப அவ சடை எங் கையில விழுந்துச்சு. பச்ச ரிப்பன். அதப் பிடிச்சுக்கிட்டே இருந்தேன். மூஞ்சி நெனப்பில்ல. ரிப்பன் மட்டும் இருக்கு."

கிளியம்மாளின் கை நின்றது.

பச்சை ரிப்பன் அவள் ஐந்தாம் வகுப்பில் கட்டியது. அம்மா போய் அப்போது ஒரு வருஷம் ஆகியிருந்தது. அம்மா எப்போதும் கொண்டைதான் போடுவாள். தம்பியை இடுப்பில் தூக்கிக்கொண்டே பள்ளிக்கூடம் போன நாட்கள் அவை. கை வலித்து அவனை இறக்கிவிட்ட இடத்தில் முள் கிடந்தது. அன்று அவனைவிட அவள்தான் அதிகம் அழுதாள்.

"அம்மாதானக்கா அது? சில நேரம், நானா நெனச்சுக்கிட்டனோன்னு தோணும்."

இத்தனை வருஷத்தில் அந்த நாளைப் பற்றி அவளிடம் யாரும் கேட்டதில்லை. அவளும் யாரிடமும் சொன்னதில்லை. தம்பி அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"அம்மாதாம்ல," என்றாள். "நான் பக்கத்துல நின்னேன்."

அவன் துண்டால் முகத்தைத் துடைத்தான்.

"அப்ப இவளுக்கும் ஏதாவது ஒண்ணு நிக்கும்."

"நிக்கும்ல."

ஆம்புலன்ஸ் மூன்றரைக்குத்தான் வந்தது. செல்வலட்சுமியை ஏற்றியதும் வனமாமலை தலைமாட்டில் உட்கார்ந்தான். கிளியம்மாள் பிள்ளையோடு முன்னால் டிரைவருக்குப் பக்கத்தில் ஏறிக்கொண்டாள். ஒரகடம் ரோட்டில் திரும்பும்போது கம்பெனி பஸ் ஒன்று எதிரே வந்தது. செல்வலட்சுமி தினமும் ஏறிப்போகிற பஸ். உள்ளே நீலச் சட்டை போட்ட பெண்கள் ஜன்னலோரம் எழுந்து நின்றார்கள்.

சுகப்பிரியா பஸ்ஸைப் பார்த்துவிட்டாள். அத்தையின் மடியில் துள்ளி எழுந்து நின்று கையை ஆட்டினாள்.

"அம்மா, டாட்டா."

டிரைவர் வண்டியை மெதுவாக்கினார். கிளியம்மாள் ஜன்னல் கண்ணாடியை இறக்கினாள். பஸ் கடந்து போகும் வரை பிள்ளை விழுந்துவிடாமல் இடுப்பைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.