துரோகியின் சட்டை

என் முதல் இரண்டு படங்களையும் தலைநகர் அல்ஜியர்ஸில் தணிக்கைக் கமிட்டிக்காரர்கள் கொத்துக்கறி போட்டுவிட்டார்கள். இரண்டு தடவையும் பல்லைக் காட்டிக்கொண்டு தலையாட்டினேன். மூன்றாவதிலும் அப்படி ஆட்டினால் இயக்குநர் என்ற பெயரே எனக்கு வேண்டாம். அந்த வெறியோடுதான், நானே எழுதிய கதையைத் தூக்கிக்கொண்டு அம்மா பிறந்த மலைக் கிராமத்துக்குப் போனேன்.

விடுதலைப் போர்க் கதை. பிரெஞ்சுப் பட்டாளத்தில் சேர்ந்துகொண்ட உள்ளூர்த் துரோகி ஒருவன், போராளியின் வீட்டைக் காட்டிக்கொடுக்கிறான். ஊர்ச்சபைத் தலைவர் அக்லி ஒரு பகல் மட்டும் படம் பிடிக்க அனுமதி கொடுத்தார்.

"எங்காளு எவனும் அந்தப் பட்டாளத்துச் சட்டையைப் போட மாட்டான். எங்க ஊர்ல துரோகியே பொறக்கல, தெரிஞ்சுக்க."

"அப்ப வானத்துலேருந்தா குதிச்சான்?"

"வாய அடக்குடா. உங்கம்மா பொறந்த ஊராச்சேன்னு பாக்கறேன்."

கூட்டி வந்த நடிகனும் பின்வாங்கினான். அந்தச் சட்டையைப் போட்டால் ஒருத்தரும் பெண் கொடுக்கமாட்டார்களாம். போங்கடா நீங்களும் உங்கள் பெண்ணும் என்று நானே அதை எடுத்து மாட்டிக்கொண்டேன்.

கேமரா ஓடியது. நான் ஒரு வாசலைக் கைநீட்டிக் காட்டினேன். ஒப்பாரி வைக்க நிறுத்தியிருந்த பெண்கள் என்மேல் காறித் துப்பினார்கள், செருப்பால் சாத்தினார்கள். 'கட்' சொல்ல வேண்டியவனே நான்தான். அந்த வேலையை வேறு யாரிடமும் ஒப்படைக்க மறந்து தொலைத்திருந்தேன். கேமராக்காரன் நஜீம் என் வாயிலிருந்து அது வராமல் நிறுத்தமாட்டான், மடையன்.

அப்போது வர்தியா வந்தாள். போரில், அதே தெருவில், புருஷனைப் பறிகொடுத்தவள். என்னை அறைய ஓங்கிய கையைப் பாதியில் நிறுத்தினாள். சட்டையை என் தோளிலிருந்து உருவி, வேடிக்கை பார்த்து நின்ற அக்லியிடம் நேராகப் போய் அவர் முகத்தில் வீசினாள்.

"இந்தா, வச்சுக்க. உங்கண்ணன் போட்டதுதானே? ஊரே வாயப் பொத்திக்கிட்டிருக்கு, நானும் இத்தனை வருஷம் பொத்திக்கிட்டிருந்தேன். அவன் என் வாசலைக் காட்டினப்ப நீயும் பக்கத்துலதான்டா நின்னே!"

கூட்டம் மொத்தமும் அக்லியின் பக்கம் திரும்பியது.

அக்லி என்மேல் பாய்ந்தார். "நிறுத்தச் சொல்லுடா! கட் சொல்லு! சொல்லலேன்னா உங்கம்மா பொணத்துக்கு இந்த ஊர்ல குழி கிடையாது!"

அம்மா அல்ஜியர்ஸில் படுத்த படுக்கையாகக் கிடந்தாள். பிறந்த ஊர் மண்ணில்தான் புதைக்க வேண்டும் என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தாள். அது இந்தப் பாவிக்கும் தெரியும். நஜீம் என் வாயையே பார்த்தான்.

அம்மா என்னை மன்னிக்கமாட்டாள். முகத்து எச்சிலைத் துடைத்தேன். அந்த வார்த்தையைச் சொல்லவில்லை.