மானேஜர் கழற்றிப்போட்ட நடை

யுத்த காலத்தில், சாந்தோமில் குடியிருந்த பிலிப் ஒரு சிரிப்பு நாடகக் கம்பெனிக்கு மானேஜர். நடிகர் பிடிப்பது, கொட்டகை பிடிப்பது, படக்காரர்களுக்குச் சிரிப்புக் காட்சிகளைத் தனியாக எடுத்துக் கொடுப்பது எல்லாம் அவரே. வாத்தியார் வேலையை ஏன் விட்டீர்கள் என்று கேட்டால், "அங்கே சிரிச்சா அடிக்கணும். இங்கே சிரிக்கலேன்னா அடிப்பாங்க. அவ்வளவுதான் வித்தியாசம்" என்பார்.

அவர் பிழைப்பு லாசர். குப்பத்தில் வலை இழுத்துக்கொண்டிருந்தவனைப் பிலிப்தான் மேடையேற்றினார். யாரையும் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தால் போதும், அப்படியே நடித்துவிடுவான்.

முதலில் அவன் எடுத்தது ஆர்மோனியக்காரர் மெஹபூப் பாஷாவின் இருமலை. கொட்டகை குலுங்கியது. மறுநாளிலிருந்து பாஷாவுக்கு இருமல் இல்லை. எந்த ஹகீமாலும் போக்க முடியாத இருமல். சந்தோஷத்தில் லாசருக்குப் பேரீச்சம்பழம் வாங்கிக் கொடுத்தார்.

அடுத்தது மாம்பலத்துக் கான்ட்ராக்டர் கணேசமூர்த்தி. தொந்தியை முன்னே அனுப்பிவிட்டுக் கைகளைப் பின்னே கட்டிக்கொண்டு அவர் போகிற மாதிரியே லாசர் போனான். முன்வரிசையில் உட்கார்ந்து கணேசமூர்த்தியே விழுந்து விழுந்து சிரித்தார். மறுநாள் காலை பனகல் பார்க் வாசலில் காரைவிட்டு இறங்கியவருக்கு, எந்தக் காலை முதலில் எடுத்து வைப்பது என்று தெரியவில்லை. அப்படியே நின்றார். டிரைவர்தான் தூக்கிப்போனான். அதற்குப் பிறகு நாற்காலிதான். நம்பாதவர்கள் மாம்பலத்தில் விசாரிக்கலாம். விசாரிக்கப் போன யாரும் இதுவரை மறுக்கவில்லை.

மூன்றாவது, பிலிப் தெரிந்தே செய்தது. மந்தைவெளியில் எதிர்க் கொட்டகை போட்ட அப்துல் வஹீதின் குரல் அடையாறு வரைக்கும் கேட்கும். "அந்தக் குரலைக் கொஞ்சம் பண்ணிக் காட்டேன்" என்றார் லாசரிடம். அடுத்த வாரம் வஹீத் வாசலில் நின்று மணியை ஆட்டி ஜனங்களைக் கூப்பிட்டார். வாயைத் திறந்தார், காற்றுதான் வந்தது. லாசரோ வேஷம் கலைத்த பிறகும் அதே குரலில் தண்ணீர் கேட்டான்.

அன்றைக்குத்தான் பிலிப்புக்குப் பயம் பிடித்தது. ஏனென்றால் கம்பெனியில் ஒரு வழக்கம் உண்டு. முகாம் முடிகிற கடைசி ஆட்டத்தில் காமிக் நடிகன் மானேஜரைப் போல நடித்துக் காட்ட வேண்டும். அதற்காகவே வருகிற கூட்டம் அது. இல்லை என்றால் கொட்டகை மிஞ்சாது.

லாசர் அவரையே பார்க்க ஆரம்பித்திருந்தான்.

"இன்னாடா, என்னையே பாத்துக்கினு கீற?"

"சும்மாதான் மானேஜர். கடைசி ஆட்டம் வருதில்ல?"

"உன் மூஞ்சியே போதும்டா சிரிக்க. என்னை விட்ரு."

"அதெப்டி நைனா? ஜனம் கேக்குமே."

பிலிப் படித்தவர், யோசித்தார். இல்லாததை எவனால் எடுக்க முடியும்? வலது தோளைத் தூக்கி நடப்பதை விட்டார். பேசுமுன் காதைச் சொறிவதை விட்டார். பொடியை விட்டார், தும்மலும் போயிற்று. மீசையை எடுத்தார். "கேளுங்க சொல்றேன்" என்று தொடங்காமல் பேசப் பழகினார். கோபம் வந்தால் அடக்கினார், சிரிப்பு வந்தால் வெளியே போய்விட்டார். வீட்டு நாய் ஒருநாள் அவரைப் பார்த்துக் குரைத்தது. வெற்றி என்று நினைத்துக்கொண்டார்.

மனைவி ஃப்ளோரா சோறு போட்டுவிட்டு அவரையே பார்த்தாள். "இன்னாங்க இது, யாரோ வந்து சாப்ட்டுப் போற மாதிரி கீது. ஒரு வார்த்தை திட்டுங்களேன், கேப்போம்."

அவர் திட்டவில்லை. திட்டுவதற்கு ஒரு தினுசு வைத்திருந்தார், அதையும் விட்டாயிற்று.

யுத்தத்துக்காக ராத்திரியில் விளக்கணைப்பு உத்தரவு இருந்ததால் கடைசி ஆட்டம் சாயங்காலமே தொடங்கியது. பிலிப் நிம்மதியாகத்தான் கொட்டகைக்கு வந்தார். வாசலில் டிக்கெட் கிழிக்கும் மாசிலாமணி கையை நீட்டித் தடுத்தான்.

"டிக்கெட் இன்னா?"

"மாசிலாமணி, நான் பிலிப்பு."

"யாராண்ட கதை விட்ற? மானேஜர் அதோ மேடைல கீறாரு."

கீற்று இடுக்கு வழியே பார்த்தார். தோளைத் தூக்கி, காதைச் சொறிந்து, "கேளுங்க சொல்றேன்" என்று லாசர் ஆரம்பித்தான். கூட்டம் ஓவென்றது. மற்றவர்களிடமிருந்து அவன் பறிக்க வேண்டியிருந்தது. பிலிப்புடையதோ கேட்பாரற்றுக் கிடந்தது. அவன் மெதுவாக ஒவ்வொன்றாய் எடுத்துப் போட்டுக்கொண்டான். முன்வரிசையில் ஃப்ளோரா கண்ணில் நீர் வரச் சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, ஊருக்குப் போயிருந்தவர் திரும்பி வந்ததுபோலப் பார்த்தாள்.

திரை விழுந்தது. லாசர் வேஷம் கலைக்கவில்லை. கலைக்க என்ன இருக்கிறது? "பாஷா, பெட்டியெல்லாம் பத்திரம்" என்றான், பிலிப்பின் குரலில். "ஆவட்டும் மானேஜர்" என்றார் பாஷா.

ஃப்ளோரா மேடைக்குப் பக்கத்தில் போனாள். "வாங்க, சோறு ஆறிப்போவுது."

இரண்டு பேரும் வாசலுக்கு வந்தார்கள். "ஃப்ளோரா!" என்றார் பிலிப். அந்தக் குரல் யாருடையதாகவும் இல்லை.

"யாருப்பா நீ? பேரு சொல்லிக் கூப்புட்ற?" அவள் இன்னும் நெருங்கி நின்றுகொண்டாள், அடுத்தவன் பக்கத்தில்.

அவன் காதைச் சொறிந்தான். பிலிப்பை மேலும் கீழும் பார்த்தான். பார்வையில் கெட்ட எண்ணம் எதுவும் இல்லை, வேலைக்கு ஆள் எடுக்கிற பார்வைதான்.

"கேளு சொல்றேன். நம்ம கம்பெனில லாசர்னு ஒரு காமிக் இருந்தான். இன்னைக்கோட போய்ட்டான். எடம் காலியா கீது. யாரையாவது பாத்து அப்டியே நடிக்க வருமா உனக்கு?"

பிலிப் அவன் தோள் எப்படி ஏறி இறங்குகிறது என்று உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார்.