யப்பான்காரியின் கடைசி வரி

ஊமைப் படம் என்றால் ஒருவருக்கும் தொல்லையில்லை என்றுதான் நினைத்தேன். தொண்ணூற்றாறில் இத்தாலியின் பலேர்மோவில் எங்கள் பங்குச் சாமியார் கொண்டுவந்த பழைய யப்பான் படத்தில் பேச்செல்லாம் இத்தாலிய எழுத்தாய் வந்தது. வீட்டு வேலைக்குப் போகும் எங்கள் தமிழ்ப் பெண்கள் அந்த மொழி பேசுவார்கள், முக்கால்வாசிப் பேருக்கு வாசிக்க வராது. அதனால் சபைச் செயலாளர் அந்தோனிமுத்து, வாசிக்கத் தெரிந்த என்னைத் தமிழில் சொல்லத் திரைக்குப் பக்கத்தில் நிறுத்தினார்.

"புனிதமலர், வடிவாச் சொல்லு. கடைசியிலை அவள் புருசனிட்டைத் திரும்பிப் போறாளாம், சாமி சொன்னவர். யோசப்பினுக்கு உறைக்கவேணும்."

யோசப்பின் மூன்றாம் வரிசையில் இருந்தாள். கணவன் அல்பேட்டின் அடி தாங்காமல் மூன்று வாரமாய்க் கன்னியர் மடத்தில் இருந்தவள். அங்கே இனி இடமில்லை. படம் முடிந்ததும் சபையார் அவளை அல்பேட்டோடு அனுப்பிவைப்பதாக ஏற்பாடு. அவன் வெள்ளைச் சட்டை போட்டு, மாப்பிள்ளை மாதிரி வாசலில் நின்றான். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

படத்தில் ஒருத்தி சாராயக்கடையில் கோப்பை கழுவினாள், பிள்ளையைப் பறிகொடுத்தாள், கணவனிடம் உதை வாங்கினாள். நான் சொல்லச் சொல்லப் பெண்கள் மூக்கைச் சிந்தினார்கள். கடைசியில் மழையில் ஒரு பாலத்தில் நின்றாள். எழுத்து வந்தது: 'அவர் என் கணவர். திரும்பிப் போகிறேன்.'

என் வாய் சும்மா இருக்கவில்லை. "இனி நான் திரும்பிப் போகமாட்டேன்!" என்று உரக்கச் சொன்னேன்.

அவள் நடந்தாள். பாலத்தின் எந்தப் பக்கம் அவள் வீடு என்று யாருக்குத் தெரியும்? பெண்கள் கைதட்டினார்கள். தமிழ் தெரியாத சாமியாரும் தட்டினார். அந்தோனிமுத்து என்னை முறைத்தார். ஆனால் எழுத்தில் என்ன இருந்தது என்று சாமியைக் கேட்டு, தனக்கு வாசிக்கத் தெரியாது என்பதைச் சபையில் ஒத்துக்கொள்ள அவருக்கு மனமில்லை.

கதிரைகளை அடுக்கும்போது யோசப்பின் என்னிடம் வந்தாள்.

"மலரக்கா, அதிலை அப்பிடி இல்லை. எனக்கு வாசிக்கத் தெரியும்."

வெட்கமாகப் போய்விட்டது. "அப்ப ஏன் பேசாமல் இருந்தனீ?"

"சனத்துக்கு முன்னாலை ஒராளாவது அதைச் சொல்லட்டும் எண்டு." வாசலைப் பார்த்தாள். "சொல்லிப்போட்டியள். இண்டைக்கு நான் எங்கை படுக்கிறது?"

என் வாய்வீரம் அதோடு அடங்கியது. ஒரேத்தோ தெருவில் எங்களுக்கு இருந்தது ஒரே அறை. அல்பேட் என் மூத்தவளின் ஞானத்தகப்பன். இவளைக் கூட்டிப்போனால் என் கணவர் மாதக்கணக்கில் முகம்கொடுத்துக் கதைக்கமாட்டார். பயமாகத்தான் இருந்தது.

அவளுடைய பையைத் தூக்கிக்கொண்டு நடந்தேன். வாசலில் அல்பேட் மறித்தான்.

"எங்கையக்கா கூட்டிக்கொண்டு போறியள்?"

"என்ரை வீட்டை. விலகி நில்லும்."